ரீமாஸ்டர் படத்தைப் பார்ப்பது எப்படி? 'பதேர் பாஞ்சாலி'யை வைத்து ஒரு பாடம்

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியவர்கள் என்னிடம் அடிக்கடி கேட்கும் கேள்வி இது. "பழைய படம் ஒன்றை ரீமாஸ்டர் செய்து வெளியிட்டிருக்கிறார்கள். 4கே என்று போட்டிருக்கிறது. ஆனால் படத்தில் பொரிப்பொரியாக ஏதோ ஓடுகிறது. திரையின் இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வேறு. என் கம்ப்யூட்டரில் ஏதாவது கோளாறா?"

பெரும்பாலும் கோளாறு எதுவும் இருக்காது. அந்தப் பொரியும் பட்டையும் இருப்பதுதான் படம் சரியாக வந்திருக்கிறது என்பதற்கு அடையாளம். இது தெரியாமல் நான் ஒரு பெரிய தவறு செய்தேன். உங்களுக்கும் அது நேரக்கூடாது என்பதற்காகவே இந்தப் பாடம்.

எங்கள் வீட்டுக் கேசட்

மணவாளக்குறிச்சியில் எங்கள் வீட்டில் அக்காவின் கல்யாண வீடியோ கேசட் ஒன்று இருந்தது. 1994-ல் எடுத்தது. அப்பா நடமாடுகிற படம் என்று எங்களிடம் இருந்தது அது ஒன்றுதான். அப்பா 2003-ல் காலமாகிவிட்டார். கடற்கரை ஊர் என்பதால் உப்புக் காற்றும் ஈரமும் சேர்ந்து கேசட்டில் பூஞ்சை பிடிக்க ஆரம்பித்திருந்தது. அது முற்றுவதற்குள் கம்ப்யூட்டரில் ஏற்றிவிட வேண்டும் என்று நினைத்தேன். ஏற்றியும் விட்டேன். அதோடு நின்றிருக்கலாம்.

படம் கொஞ்சம் மங்கலாக, புள்ளிபுள்ளியாக இருந்தது. வீடியோவைத் 'தெளிவாக்கும்' ஏஐ சாப்ட்வேர் ஒன்றை இன்ஸ்டால் செய்து, எல்லா அளவுகளையும் உச்சத்தில் வைத்து ஓட விட்டேன். ஓர் இரவு முழுவதும் ஓடியது. காலையில் பார்த்தால் படம் நேற்று எடுத்தது போல் பளிச்சென்று இருந்தது. மகிழ்ச்சியில் முதலில் ஏற்றிய பைலை, ஹார்ட் டிஸ்க்கில் இடம் இல்லை என்று அழித்தேன். பூஞ்சை பிடித்த கேசட் இனி எதற்கு என்று பழைய சாமான் எடுக்க வந்தவரிடம் போட்டுவிட்டேன்.

அன்று மாலை அம்மாவை உட்கார வைத்துப் போட்டுக் காட்டினேன். அம்மா வெகுநேரம் பார்த்தார். பிறகு கேட்டார்: "எல்லாம் பளபளன்னுதான் இருக்கு. அப்பாக்க தாடையில உள்ள தழும்பு எங்க மக்களே?"

சின்ன வயதில் தென்னை மட்டை விழுந்து அப்பாவின் தாடையில் ஏற்பட்ட தழும்பு அது. சாப்ட்வேர் அதையும் படத்தில் விழுந்த கீறல் என்று நினைத்துத் துடைத்துவிட்டது. அம்மாவின் நெற்றிச் சுருக்கம், பாட்டியின் கன்னக்குழி எல்லாம் போயிருந்தன. எல்லோரும் மெழுகு பொம்மை போல இருந்தார்கள். திரும்பிப் போக அசல் பைலும் இல்லை, கேசட்டும் இல்லை.

இது நடந்து சில மாதங்களில் சிங்கப்பூரில் வேலை பார்க்கும் என் மைத்துனர் ஊருக்கு வந்தார். வரும்போது ஒரு புளூரே பெட்டி வாங்கி வந்தார். சத்யஜித் ராயின் மூன்று 'அபு' படங்கள் அடங்கிய பெட்டி. அதைப் பார்த்த பிறகுதான் நான் செய்த தவறு எது என்று எனக்குப் புரிந்தது.

சாலைப் படமா இது?

பயணத்தையே கதையாகக் கொண்ட படங்களை ரோடு மூவி என்பார்கள். தமிழில் 1966-ல் வந்த 'மதராஸ் டு பாண்டிச்சேரி' நல்ல உதாரணம். ஒரு பஸ்ஸும் அதில் ஏறியவர்களும்தான் கதை. அதுவே 1972-ல் இந்தியில் 'பாம்பே டு கோவா' ஆனது. 2003-ல் வந்த 'அன்பே சிவ'த்திலும் புவனேஸ்வரில் ஆரம்பித்து வழி முழுக்கப் பயணம்தான்.

'பதேர் பாஞ்சாலி' அப்படிப்பட்ட படம் அல்ல. ஆனால் பெயரிலேயே பாதை இருக்கிறது. 'சிறு பாதையின் பாட்டு' என்று பொருள் சொல்லலாம். விபூதிபூஷண் பந்தோபாத்யாயவின் நாவலை வைத்து ராய் எடுத்த முதல் படம். 1955-ல் வெளிவந்தது. கிராமத்தில் தொடங்கும் அபுவின் வாழ்க்கை, 'அபராஜிதோ' (1956), 'அபுர் சன்சார்' (1959) என்று அடுத்த இரண்டு படங்களில் காசிக்கும் கல்கத்தாவுக்கும் அதற்கு அப்பாலும் போகிறது. முதல் படம் ஒரு மாட்டு வண்டி ஊரை விட்டுப் புறப்படுவதில் முடிகிறது. கடைசிப் படம் ஒருவர் தோளில் குழந்தையைச் சுமந்து நடப்பதில் முடிகிறது. மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் இதைவிட நீண்ட சாலைப் படம் இந்தியாவில் இல்லை என்பேன்.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. பணம் இல்லாமல் படம் பாதியில் நின்றபோது மேற்கு வங்க அரசு கைகொடுத்தது. அரசுக் கணக்கில் அந்தத் தொகை எழுதப்பட்ட தலைப்பு 'சாலை மேம்பாடு'. படத்தின் பெயரில் பாதை இருந்ததே, அதனால்!

எரிந்த நெகடிவ்

1992-ல் ராய்க்கு ஆஸ்கார் அகாடமி சிறப்பு விருது கொடுத்தது. விழாவில் காட்ட அவர் படங்களிலிருந்து காட்சிகளைத் தேடியபோது நல்ல பிரதிகள் கிடைக்காமல் திண்டாடினார்கள். படங்களைக் காப்பாற்ற வேண்டும் என்ற எண்ணம் அப்போது வலுப்பெற்றது. அதே ஆண்டு ஏப்ரலில் ராய் காலமானார். அசல் நெகடிவ்கள் லண்டனில் ஹெண்டர்சன்ஸ் என்ற பிலிம் லேபுக்குப் போய்ச் சேர்ந்தன. 1993 ஜூலையில் அந்த லேபில் பெரும் தீ விபத்து. அபு படங்களின் நெகடிவ்கள் கருகின.

இங்கேதான் கவனிக்க வேண்டும். கருகியவற்றை யாரும் குப்பையில் போடவில்லை. ராய் படம் என்று அடையாளம் தெரிந்த டப்பாக்களையும் துண்டுகளையும் பொறுக்கி அகாடமியின் பிலிம் காப்பகத்துக்கு அனுப்பி வைத்தார்கள். அன்றைக்கு இருந்த எந்த மெஷினிலும் அந்த பிலிமை ஓட்ட முடியாது. இருந்தும் சுமார் 20 ஆண்டுகள் பத்திரமாக வைத்திருந்தார்கள்.

2013 வாக்கில் கிரைடீரியன் என்ற அமெரிக்க வெளியீட்டு நிறுவனம், அகாடமியுடன் சேர்ந்து வேலையை ஆரம்பித்தது. இத்தாலியின் பொலோனா நகரில் உள்ள 'லிமாஜினே ரித்ரோவாதா' என்ற லேபுக்கு அந்த பிலிம்கள் போயின. தீயில் வறண்டு முறுக்கிக்கொண்ட பிலிமுக்கு ரசாயனக் கரைசலில் மறுபடி ஈரப்பதம் ஏற்றினார்கள். உருகி ஒட்டிய டேப், பசை எல்லாவற்றையும் நீக்கினார்கள். ஓரத்தில் உள்ள பல் துளைகளைக் கையால் சரி செய்தார்கள். கையால் செய்த வேலை மட்டும் ஆயிரம் மணி நேரத்தை நெருங்கியது.

பலன் என்ன? 'பதேர் பாஞ்சாலி'யில் சுமார் 40 சதவீதமும், 'அபராஜிதோ'வில் 60 சதவீதத்துக்கு மேலும் அசல் நெகடிவிலிருந்தே கிடைத்தன. 'அபுர் சன்சார்' நெகடிவ் மட்டும் மீளவில்லை. அதற்கும் மற்ற படங்களின் விட்டுப்போன பகுதிகளுக்கும், வேறு வேறு காப்பகங்களில் இருந்த டூப் நெகடிவ்களையும் மாஸ்டர் பிரதிகளையும் தேடிப் பிடித்தார்கள். எல்லாவற்றையும் 4கே அளவில் ஸ்கேன் செய்து, 2015 மே மாதம் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் திரையிட்டார்கள். 1955 மே மாதம் 'பதேர் பாஞ்சாலி' முதன்முதலாகத் திரையிடப்பட்டதும் அதே இடத்தில்தான். 2015 நவம்பரில் வீட்டில் பார்ப்பதற்கான புளூரே வந்தது.

ரீமாஸ்டர் என்றால் என்ன?

இதை நான்கு வேலைகளாகப் புரிந்துகொள்ளுங்கள்.

1. தேடுதல்: அசல் நெகடிவோ, அதற்கு மிக நெருங்கிய பிரதியோ எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிப்பது. மற்ற மூன்று வேலைகளின் தரமும் இதைப் பொறுத்தது.

2. ஸ்கேன்: பிலிமின் ஒவ்வொரு கட்டத்தையும் கம்ப்யூட்டர் படமாக மாற்றுவது. ஒரு விநாடிக்கு 24 கட்டம். 'பதேர் பாஞ்சாலி' சுமார் 125 நிமிடம். கணக்குப் போட்டுப் பாருங்கள், 1,80,000 படங்கள்!

3. சுத்தம் செய்தல்: தூசு, கீறல், படம் ஆடுவது, வெளிச்சம் விட்டுவிட்டு மின்னுவது ஆகியவற்றை நீக்குவது.

4. வெளிச்சம், ஒலி சரிசெய்தல்: கறுப்பு எவ்வளவு கறுப்பு, வெள்ளை எவ்வளவு வெள்ளை என்று முடிவு செய்து, ஒலியின் இரைச்சலைக் குறைத்து, வெளியீட்டுக்கான மாஸ்டர் தயாரிப்பது.

பழைய டிவிடி ஒன்றை எடுத்துப் பெரிதாக்கி, வெளிச்சத்தைக் கூட்டி, 'ரீமாஸ்டர் 4கே' என்று ஒட்டிவிடுபவர்களும் உண்டு. அதில் 1-ம் 2-ம் நடக்கவே இல்லை. பைல் பெரிதாக இருக்கும்; விஷயம் இருக்காது.

பொரி வேறு, தூசு வேறு

இப்போது அந்தப் பொரிக்கு வருவோம். பிலிமில் ஒளியைப் பதிவு செய்வது நுண்ணிய வெள்ளி உப்புத் துகள்கள். கழுவிய பிறகு படமாக நிற்பவை அவற்றிலிருந்து உருவான வெள்ளித் துகள்கள்தான். பெரிய திரையில் அவை மெல்லிய மணல் போல அசைந்துகொண்டே இருக்கும். கேமராக்காரர்கள் இதை கிரெயின் என்பார்கள்.

எங்கள் ஊர்க்காரர்களுக்கு இதை விளக்குவது சுலபம். மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் இல்மனைட், ரூட்டைல், சிர்க்கான், மோனசைட், கார்னெட் எல்லாம் கலந்து கிடக்கின்றன. இங்குள்ள மணல் ஆலையில் எடை, காந்தம், மின்சாரம் ஆகியவற்றைப் பயன்படுத்தி ஒவ்வொன்றாகப் பிரிக்கிறார்கள். கையில் அள்ளிப் பார்த்தால் எல்லாம் ஒரே மணல்தான். எது வேண்டும், எது வேண்டாம் என்று தெரிந்து பிரிப்பதில்தான் இருக்கிறது வேலை.

படத்திலும் அப்படியே. தூசும் கீறலும் வெளியிலிருந்து வந்து ஒட்டியவை. தூசு பெரும்பாலும் ஒரு கட்டத்தில் இருக்கும், அடுத்ததில் இருக்காது. அவற்றை நீக்கலாம். கிரெயின் படத்தின் உடம்பு. அதை முழுவதும் துடைத்தால் கூடவே முகத்தின் சுருக்கம், துணியின் நெசவு, ஓலையின் கீற்று எல்லாம் போய்விடும். எங்கள் வீட்டில் போன தழும்பு அப்படிப் போனதுதான்.

உங்கள் கம்ப்யூட்டரில் சோதிப்பது எப்படி?

இலவசமாகக் கிடைக்கும் விஎல்சி பிளேயர் போதும். உங்களிடம் உள்ள எந்தப் பழைய பட பைலையும் அதில் திறந்து, கீழ்க்கண்டவற்றை வரிசையாகச் செய்திடவும். இவை விண்டோஸ் கம்ப்யூட்டருக்கான கீகள்.

படி 1: படம் ஓடும்போது கன்ட்ரோல் கீயுடன் 'ஜே' கீயை அழுத்தவும். கோடெக் பற்றிய விவரங்கள் கொண்ட விண்டோ திறக்கும். அதில் ரெசல்யூஷன் என்ற வரியைப் பார்க்கவும். பழைய விசிடி என்றால் 352 x 288 இருக்கும். நம் நாட்டு டிவிடி 720 x 576. புளூரே 1920 x 1080. 4கே டிஸ்க் 3840 x 2160. பெருக்கிப் பார்த்தால் விசிடியில் ஒரு லட்சம் புள்ளிகள், டிவிடியில் நான்கு லட்சம், புளூரேயில் 20 லட்சம், 4கேயில் 80 லட்சத்துக்கு மேல்.

படி 2: அதே விண்டோவில் பிரேம் ரேட் பார்க்கவும். 23.976 அல்லது 24 என்றால் பிலிமின் வேகத்திலேயே ஓடுகிறது. 25 என்றால் நம் நாட்டு டிவி முறைக்காக 4 சதவீதம் வேகமாக ஓட்டியிருக்கலாம். 125 நிமிடப் படம் அப்போது 120 நிமிடத்தில் முடிந்துவிடும். குரலும் லேசாக உயரும். நீளம் அதைவிடக் குறைந்தால் காட்சிகளை வெட்டியிருக்கிறார்களோ என்று சந்தேகிக்கலாம்.

படி 3: வேகமாக அசையும் காட்சியில் ஸ்பேஸ் பாரை அழுத்தி நிறுத்தவும். உருவத்தின் ஓரத்தில் சீப்புப் பல் போல கோடுகள் தெரிகிறதா? அது பழைய டிவி முறையின் மிச்சம். 'டி' கீயை அழுத்தினால் மறையும். நல்ல ரீமாஸ்டரில் இந்தக் கோடு இருக்கவே கூடாது.

படி 4: நிறுத்திய நிலையில் 'இ' கீயை ஒவ்வொரு முறையாக அழுத்தவும். படம் ஒவ்வொரு கட்டமாக நகரும். கிரெயின் கட்டத்துக்குக் கட்டம் மாறுகிறதா? நல்லது. சுவர் மட்டும் உறைந்தது போல நிற்க, முகம் மட்டும் அசைகிறதா? சுத்தம் செய்த சாப்ட்வேர் எல்லை மீறியிருக்கிறது.

படி 5: முகம் நெருக்கமாகத் தெரியும் இடத்தில் ஷிப்ட் கீயுடன் 'எஸ்' கீயை அழுத்தவும். அந்தக் கட்டம் பிக்சர்ஸ் போல்டரில் படமாகச் சேமிக்கப்படும். இரண்டு பிரதிகளிலிருந்து ஒரே கட்டத்தை எடுத்து அருகருகே வைத்துப் பாருங்கள். ரெசல்யூஷன் எண் சொல்லாத உண்மையை இந்தச் சோதனை சொல்லும்.

படி 6: கறுப்புப் பட்டையைத் தொடாதீர்கள். அந்தக் காலப் படங்கள் கிட்டத்தட்ட சதுரம். உயரம் 1 என்றால் அகலம் 1.37. இன்றைய மானிட்டரோ அகலமானது. 1080 புள்ளி உயரத்துக்குப் படம் சுமார் 1480 புள்ளி அகலமே வரும். மீதி இரண்டு பக்கமும் கறுப்பு. 'ஏ' கீயை அழுத்தி இழுத்து நிரப்பினால் ஆட்கள் குண்டாகிவிடுவார்கள். மேலும் கீழும் வெட்டி நிரப்பினால் தலையும் காலும் போகும்.

டிவியில் இணைத்துப் பார்ப்பவர்கள் டிவி மெனுவில் இன்னொரு வேலையும் செய்திடவும். அசைவை வழுவழுப்பாக்கும் வசதி, நாய்ஸ் ரிடக்ஷன் இரண்டையும் நிறுத்தவும். ஷார்ப்னெஸைக் குறைக்கவும். சினிமா அல்லது பிலிம்மேக்கர் மோட் இருந்தால் அதைத் தேர்வு செய்யவும். இல்லாவிட்டால் ஆயிரம் மணி நேரம் உழைத்துக் கொடுத்ததை உங்கள் டிவி ஒரு நொடியில் கெடுத்துவிடும்.

எந்தக் காட்சிகளைப் பார்ப்பது?

'பதேர் பாஞ்சாலி' கிடைத்தால் இந்த ஐந்து இடங்களில் நிறுத்தி நிதானமாகப் பாருங்கள்.

நாணல் பூக்களும் ரயிலும்: அக்கா துர்காவும் தம்பி அபுவும் வெள்ளை நாணல் பூக்களுக்கு நடுவே ஓடி ரயிலைப் பார்க்கும் காட்சி. ராய் 1952 அக்டோபரில் முதலில் எடுக்க ஆரம்பித்தது இங்கேதான். அடுத்த வாரம் வந்து பார்த்தால் மாடுகள் பூக்களை மேய்ந்துவிட்டன! மறுபடி பூக்கும் பருவம் வரை காத்திருந்தார். பழைய பிரதிகளில் பூக்கள் வெறும் வெள்ளைத் திட்டு. ரயில் புகை வெறும் கறுப்புத் திட்டு. நல்ல பிரதியில் ஒவ்வொரு பூவும் தனியாக ஆடும். புகையில் பல சாம்பல் நிறங்கள் தெரியும்.

பாட்டி இந்திரின் முகம்: சுனிபாலா தேவி நடித்தது. விளக்கு வெளிச்சத்தில் அவர் முகத்தில் ஓடும் சுருக்கங்களைப் பாருங்கள். 'தெளிவாக்கும்' சாப்ட்வேர் முதலில் பலி வாங்குவது இந்த மாதிரி முகங்களைத்தான்.

மிட்டாய்க்காரர்: காவடித்தண்டு போல இரண்டு பக்கமும் தொங்கவிட்டு அவர் முன்னே நடக்க, பின்னால் பிள்ளைகள், அவர்களுக்குப் பின்னால் ஒரு நாய். அந்த ஊர்வலம் குளத்து நீரில் தலைகீழாகத் தெரியும். நீரில் நிழல் கலங்கலாக இல்லாமல், அலைந்தும் தெளிவாக இருக்க வேண்டும்.

மழை: குளத்து நீரில் பூச்சிகள் ஓடும், பிறகு மழை கொட்டும். சின்ன சின்ன அசைவுகள் ஏராளம் என்பதால் பைலை அளவுக்கு மீறிச் சுருக்கியிருந்தால் இங்கே கட்டம் கட்டமாக உடையும். மழைக் காட்சியில் உடையாத பைல் நல்ல பைல்.

அம்மாவின் அழுகை: அப்பா வெகுநாள் கழித்து ஊர் திரும்பிப் புடவையை எடுத்துக் கொடுக்கும் காட்சி. அம்மா அழுகிறார்; ஆனால் அழுகைக் குரல் கேட்காது. அதற்குப் பதில் தார் ஷெனாய் என்ற வாத்தியம் உச்ச ஸ்தாயியில் கதறும். ஸ்பீக்கரில் கோளாறு என்று நினைத்து ஒலியைக் குறைத்துவிடாதீர்கள். ராய் வேண்டும் என்றே செய்தது அது. ஒலி மோனோ, அதாவது ஒரே தடம். செயற்கையாக ஐந்து ஸ்பீக்கருக்குப் பிரித்த பிரதியைவிட இதுவே அசல்.

இத்தனைக்கும் கேமராவைப் பிடித்த சுப்ரத மித்ரா அப்போது இருபதுகளின் தொடக்கத்தில்தான் இருந்தார். அதற்கு முன் அவர் சினிமா கேமராவைத் தொட்டதே இல்லை.

டிஸ்க் வாங்கும் முன்

இன்றைய கம்ப்யூட்டர்கள் பலவற்றில் டிஸ்க் டிரைவே இல்லை. யுஎஸ்பியில் இணைக்கும் புளூரே டிரைவ் தனியாக வாங்க வேண்டும். அதோடு புளூரே ஓட்டும் கட்டண சாப்ட்வேரும் வேண்டும். கடையில் விற்கும் டிஸ்க்குகளுக்கு விஎல்சி மட்டும் போதாது. இன்னொன்று மண்டலக் குறியீடு. புளூரேயில் இந்தியா 'சி' மண்டலம். அமெரிக்கா, சிங்கப்பூர் ஆகியவை 'ஏ' மண்டலம். எனக்கு வந்த டிஸ்க் 'ஏ'. சாப்ட்வேரில் மண்டலத்தை மாற்றிய பிறகே ஓடியது. இந்த மாற்றத்தைச் சில முறைதான் செய்ய விடுவார்கள். ஆகவே வாங்கும் முன் பெட்டியின் பின்புறம் பார்த்திடவும். எந்த மூலப் பிரதியிலிருந்து, எந்த அளவில் ஸ்கேன் செய்தது என்று பின்புறத்தில் எழுதியிருந்தால் நம்பலாம். 'டிஜிட்டல் முறையில் மெருகேற்றப்பட்டது' என்று மட்டும் இருந்தால் யோசியுங்கள்.

உங்கள் வீட்டுக் கேசட்டுக்கு

அபு பெட்டியைப் பார்த்து முடித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. கருகிய டப்பாவை 20 ஆண்டு வைத்திருந்தவர்கள் எங்கே, பூஞ்சைக்கே பயந்து கேசட்டைத் தூக்கிப் போட்ட நான் எங்கே! அப்போது ஒன்று உறைத்தது. 'அபுர் சன்சார்' நெகடிவ் போன பிறகு வேறு இடத்துப் பிரதியைத்தானே தேடினார்கள்? அந்தக் காலத்தில் கல்யாண வீடியோ எடுப்பவர்கள் பெண் வீட்டுக்கு ஒன்று, மாப்பிள்ளை வீட்டுக்கு ஒன்று என்று இரண்டு கேசட் கொடுப்பது வழக்கம்.

காலையில் தக்கலைக்குப் போனேன். அக்காவின் பீரோவில், கல்யாணப் பட்டுப்புடவைக்கு அடியில் இருந்தது. பூஞ்சை இல்லை.

இந்த முறை செய்ததை வரிசையாகச் சொல்கிறேன். நீங்களும் இப்படியே செய்திடவும்.

1. கேசட்டைப் போடும் முன் டேப்பின் ஓரத்தைப் பார்க்கவும். வெள்ளைப் பொடி தெரிந்தால் விசிஆரில் போட வேண்டாம். தெரிந்தவரிடம் கொடுத்துச் சுத்தம் செய்த பிறகே ஓட்டவும்.

2. யுஎஸ்பி கேப்சர் கருவி வழியாக 720 x 576 அளவில், உங்கள் சாப்ட்வேர் தரும் மிக உயர்ந்த தரத்தில் பதிவு செய்திடவும். எந்தத் தெளிவாக்கும் வசதியும் வேண்டாம்.

3. அந்த பைலுக்கு 'மூலம்' என்று பெயரிட்டு இரண்டு வேறு வேறு ஹார்ட் டிஸ்க்குகளில் வைக்கவும். ஒன்று வேறு வீட்டில் இருந்தால் இன்னும் நல்லது.

4. அழகுபடுத்த ஆசையா? மூலத்தை காப்பி செய்து, அந்தக் காப்பியில் மட்டும் செய்திடவும்.

5. கேசட்டைத் தூக்கிப் போடாதீர்கள். ஈரம் இல்லாத இடத்தில், புத்தகம் போல நிறுத்தி வைக்கவும். இன்று நம்மால் எடுக்க முடியாததை நாளை வேறொரு மெஷின் எடுக்கும்.

அக்காவின் கேசட் காப்பியிலிருந்து எடுத்த காப்பி. எங்கள் கேசட்டைவிடப் படம் மங்கல்தான். நிறமும் கொஞ்சம் வழிகிறது. அப்பாவின் தழும்பு முழுப் படத்திலும் இரண்டே இடத்தில் தெரிகிறது. ஒன்று, பந்தியில் குனிந்து யாருக்கோ சோறு பரிமாறச் சொல்லும்போது. இன்னொன்று, அக்கா காரில் ஏறிய பிறகு கேமரா பக்கம் திரும்பும்போது.

அம்மாவுக்கு அதைப் போட்டுக் காட்டினேன். புள்ளியைப் பற்றியோ மங்கலைப் பற்றியோ அவர் ஒன்றும் சொல்லவில்லை. இரண்டாவது இடம் வந்ததும், "அங்க நிறுத்து மக்களே" என்றார். நான் ஸ்பேஸ் பாரை அழுத்தினேன்.